முதல் டுப்

பெட்ரோலில் ஓடும் மரம் அறுக்கும் மிஷினை வாங்கி வீட்டில் வைத்திருப்பவரிடம் அது எத்தனை சி.சி. என்று கேட்கலாம். பிளேடு எத்தனை அங்குலம் என்று கேட்கலாம். எங்கே வாங்கினீர்கள், என்ன விலை, பேரம் பேசினீர்களா என்றெல்லாம் கேட்கலாம். மனிதர் பூரித்துப்போய்க் காபி கொடுத்து அனுப்புவார். ஓடுகிறதா என்று மட்டும் கேட்கக் கூடாது.

என்னுடையது 58 சி.சி., 22 அங்குலம். காபி சாப்பிடுகிறீர்களா?

இந்த ஆசை எனக்குள் புகுந்த தேதி தெரியும். 2018 நவம்பர் 16. கஜா புயல் விடியும் முன்னே வேதாரண்யம் பக்கம் கரையேறி, எங்கள் பட்டுக்கோட்டை, பேராவூரணி வட்டாரத்தில் லட்சக்கணக்கான தென்னைகளைச் சாய்த்துவிட்டுப் போன நாள். அதற்குப் பிறகு பல நாளைக்குக் கரண்டு இல்லை, போன் இல்லை, போக ரோடும் இல்லை. ரோடு இருந்த இடத்தில் தென்னை கிடந்தது. அந்த நாட்களில் ஊரில் ஒரே ஒரு வகை மனிதருக்குத்தான் மரியாதை. அவர் மிஷின் வைத்திருந்தவர். பார்வையிட வந்த அதிகாரிகளுக்கு நாற்காலி போடாதவர்கள் மிஷின்காரருக்கு இளநீர் சீவிக் கொடுத்தார்கள். (இளநீருக்குப் பஞ்சமில்லை, குனிந்தால் போதும்.) அவர் கயிற்றைப் பிடித்து ஓர் இழுப்பு இழுப்பார். மிஷின் உறுமும். சுற்றி நிற்கிற கூட்டம் ஓர் அடி பின்வாங்கும். அரசாங்க உத்தியோகத்தில் ஆயுசில் பாதியைக் கழித்த என்னைக் கண்டு ஒரு குழந்தைகூட அரை அடி பின்வாங்கியதில்லை.

ஊரெல்லாம் புதுக் கன்று நட்டுக்கொண்டிருந்தபோது நான் மிஷின் வாங்கினேன்.

“வெட்டுறதுக்கு ஊர்ல ஏதுங்க மரம்?” என்றாள் மனைவி.

“அடுத்த புயலுக்கு” என்றேன். முன்னெச்சரிக்கை என்பது அவளுக்குப் புரியாது.

புயல் வரவில்லை. வண்டு வந்தது. எங்கள் மதிலோரம் கஜாவுக்கே அசையாமல் நின்ற தென்னை ஒன்று இருந்தது. சிவப்புக் கூன்வண்டு அதற்குள் முட்டையிட்டுவிட்டது. இந்த வண்டின் புழு வெளியே தலைகாட்டாது. தண்டுக்குள்ளேயே குடியிருந்து தின்னும். பட்டையில் ஓட்டையும் அதிலிருந்து பழுப்புச் சாறும் நம் கண்ணில் படும்போது உள்ளே பெரும்பாலும் சக்கைதான் மிச்சம். ஒரு மழை இரவில் மரம் மதிலைத் தாண்டிப் படுத்தது. விழுந்த இடம் பக்கத்து வீட்டு கேட்டின் குறுக்கே. கேட்டுக்கு உள்ளே அவர்கள் கார். அன்றைக்குத்தான் அவர்கள் மகளுக்குக் கும்பகோணத்தில் வளைகாப்பு.

பக்கத்து வீட்டுக்காரர் பண்பானவர். “ஒண்ணும் அவசரமில்ல சார்” என்று சொல்லிவிட்டுக் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மரம் வெட்டுகிற ஆளுக்குப் போன் போடட்டுமா என்றும் கேட்டார்.

“மிஷின் இருக்கு” என்றேன்.

எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது.

மிஷினோடு வந்த புத்தகம் ஆங்கிலத்துக்குத் தூரத்துச் சொந்தமான ஏதோ ஒரு மொழியில் எழுதப்பட்டது. ஆனால் படங்கள் தெளிவு. படத்திலிருந்த ஆள் ஹெல்மெட், கண்ணாடி, காதுமூடி, கையுறை, பூட்ஸ் எல்லாம் போட்டிருந்தான். நான் லுங்கியில் இருந்தேன். சுற்றுகிற சங்கிலிக்கு முன்னால் லுங்கியோடு நிற்பதானால் தான் தங்கை வீட்டுக்குப் போய்விடுவதாக மனைவி அறிவித்தாள். ஆகவே பழைய ஆபீஸ் பேன்ட்டைத் தேடிப் போட்டு, சட்டையை உள்ளே விட்டு, பெல்ட்டும் ஷூவுமாக வெளியே வந்தேன். “பென்ஷன் விஷயமா தஞ்சாவூரா சார்?” என்று கேட்டுக்கொண்டே போனார் பால்காரர்.

ஸ்டார்ட் செய்யும் முறை இது. மிஷினைத் தரையில் வைக்க வேண்டும். சங்கிலி பிரேக்கை முன்னால் தள்ளிப் பூட்ட வேண்டும். சுவிட்ச் ஆன். ரப்பர் குமிழை அமுக்கி அமுக்கிப் பெட்ரோலை ஏற்ற வேண்டும். சோக்கை வெளியே இழுத்துவிட வேண்டும். பின் கைப்பிடிக்குள் வலது பாதத்தை நுழைத்து மிதித்து, இடது கையால் முன் கைப்பிடியை அழுத்திக்கொண்டு, வலது கையால் கயிற்றை இழுக்க வேண்டும். இழுக்க இழுக்க, ஒரு கட்டத்தில் ‘டுப்’ என்று ஒரே ஒரு சத்தம் வந்து அடங்கும். அந்த முதல் டுப்தான் சூட்சுமம். அது கேட்டதும் சோக்கை உள்ளே தள்ளிவிட்டு மறுபடி இழுத்தால் பிடித்துக்கொள்ளும். அதைக் கவனிக்காமல் சோக்கோடு இழுத்துக்கொண்டே போனால் உள்ளே பெட்ரோல் பெருகிப் பிளக் நனைந்துவிடும். அப்புறம் எவ்வளவு இழுத்தாலும் சூடாவது இழுப்பவனின் தோள்பட்டைதான்.

ஆக, இழுப்பவனுக்கு முக்கியமாக வேண்டியது காது. எங்கள் தெருவில் காதுக்கு வேலை கிடையாது. எல்லாருக்கும் வாய் உண்டு. நான் இழுக்கத் தொடங்கும்போது பக்கத்து வீட்டுக்காரர் மட்டும் இருந்தார். நிமிர்ந்து பார்த்தபோது ஒரு வார்டு கூட்டம் நடத்தலாம் என்கிற அளவுக்கு ஆட்கள் இருந்தார்கள். டுப் வந்ததா இல்லையா என்பதில் தெருவில் இன்றுவரை இரண்டு கட்சி. வந்தது என்பவர்கள் அப்போதே சொன்னோம் என்கிறார்கள். வரவில்லை என்பவர்களும் அதையேதான் சொல்கிறார்கள்.

முதலில் முன்னால் வந்தவர் கோடிவீட்டுச் சேத்தக்காரர். பஜாஜ் சேத்தக் ஸ்கூட்டரை இன்னமும் துணி போட்டு மூடி வைத்திருப்பவர். “ஒரு பக்கமா படுக்கப் போட்டு எடுங்க சார், டக்னு பிடிக்கும்.” சேத்தக் வைத்திருந்த தலைமுறைக்கு இதை விளக்க வேண்டியதில்லை. காலையில் ஆபீஸ் கிளம்பும் முன் ஸ்கூட்டரைச் சாய்த்து நிமிர்த்தாத குடும்பத் தலைவர் அந்தக் காலத்தில் உண்டா? ஆனால் மரம் அறுக்கும் மிஷினைச் சாய்த்தும் தலைகீழாகவும் பிடித்து அறுக்க வேண்டியிருப்பதால், அதன் கார்புரேட்டரில் ஸ்கூட்டரில் இருக்கிற மிதவை கிடையாது. மெல்லிய சவ்வு ஒன்று துடித்துத் துடித்துப் பெட்ரோலை உறிஞ்சும். எப்படிச் சாய்த்தாலும் அதற்கு ஒன்றுதான். இதை நான் எடுத்துச் சொன்னேன். அவர் கேட்டுவிட்டு, “சரி, படுக்கப் போடுங்க” என்றார். படுக்கப் போட்டேன். மூடி வழியாக ஆயில் கசிந்து என் ஆபீஸ் பேன்ட்டில் இறங்கியது.

அடுத்து புல்லட் தம்பி. “ஆம்பியர் முள்ளு நடுவுல நிக்கிதான்னு பாத்து இழுக்கணும் அண்ணே.” பழைய புல்லட்டுக்கு அது சரி. இதில் முள்ளும் இல்லை, பேட்டரியே இல்லை. சுற்றுகிற சக்கரத்தில் ஒரு காந்தம். அது பக்கத்திலிருக்கும் காயிலைக் கடக்கும்போதெல்லாம் கரண்ட் பிறக்கும். காந்தத்துக்கும் காயிலுக்கும் இடைவெளி ஒரு விசிட்டிங் கார்டு கனம்தான். தம்பி முள்ளைத் தேடிக்கொண்டே இருந்தான்.

டீசல் பம்ப்செட் வைத்து விவசாயம் பார்த்த மாமா ஒருவர் திண்ணையிலிருந்தே தீர்ப்புச் சொன்னார்: “ஏர் லாக்.” கையில் ஒரு ஸ்பேனர் கொடுத்தால் எந்த நட்டைக் கழற்றுவது என்று காட்டுவதாகவும் சொன்னார். நல்லவேளை, என்னிடம் ஸ்பேனர் இல்லை.

இதில் நான் கண்டது, யாரும் என் மிஷினைப் பார்க்கவே இல்லை என்பது. அவரவர் வாழ்நாளில் அவரவரைப் பாடாய்ப் படுத்திய வண்டியைத்தான் பார்த்தார்கள். அந்த வண்டியின் வியாதி, அதற்குத் தாங்கள் கண்டுபிடித்த வைத்தியம், அன்றைக்குத் தாங்கள் அடைந்த வெற்றி எல்லாம் நினைவுக்கு வந்து முகம் மலர்ந்து நின்றார்கள். என்னையே எடுத்துக்கொள்ளுங்கள், நானும் ஒரு டி.வி.எஸ். 50 ஓட்டியவன். ‘பெடல் இருந்தால் மிதித்துவிடலாமே’ என்றுதான் மனசுக்குள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

பொறியியல் படிக்கிற பையன் ஒருவன்தான் முறையாகப் பேசினான். இன்ஜின் ஓட நான்கு வேண்டும்: பெட்ரோல், காற்று, பொறி, அமுக்கம். ஒவ்வொன்றாகப் பார்த்து நீக்கிக்கொண்டே வரலாம் என்றான். எனக்குப் பிடித்திருந்தது. பிளக்கைக் கழற்றினோம். நனைந்திருந்தது. துடைத்துக் காயவைத்துவிட்டு, பிளக் இல்லாமலே கயிற்றை இழுத்து உள்ளே பெருகியதை வெளியேற்ற வேண்டும் என்பது முறை. சேத்தக்காரர், அடுப்பில் காட்டினால் சீக்கிரம் காயும் என்றார். அவர் அந்தக் காலத்தில் அப்படித்தான் செய்வாராம். பிளக்கைக் கிடுக்கியில் பிடித்துக்கொண்டு சமையலறைக்குப் போனேன். உள்ளே சாம்பார் கொதித்துக்கொண்டிருந்தது. நடந்ததைச் சுருக்கமாகச் சொன்னால், பிளக்கை வெயிலில் காயவைத்தோம்.

பிறகு பொறி வருகிறதா என்ற சோதனை. பிளக்கை அதன் தொப்பியில் செருகி, அதன் மரை சிலிண்டரின் உலோகத்தில் படும்படி, பெட்ரோல் ஆவி வரும் ஓட்டையிலிருந்து தள்ளிப் பிடித்துக்கொண்டு கயிற்றை இழுக்க வேண்டும். நீலப்பொறி தெரியும். பொறியியல் பையன் பிடித்துக்கொண்டான், நான் இழுத்தேன். அவன் “அம்மா!” என்று கையை உதறிவிட்டுத் தள்ளிப் போய் உட்கார்ந்தான். பொறி பிரமாதமாக வருகிறது என்பது உறுதியாயிற்று.

இங்கே என் பழைய உத்தியோகத்தைப் பற்றி ஒரு வார்த்தை. ஓர் அரசு அலுவலகத்தில் பில்களைச் சரிபார்த்து அனுப்புவது என் வேலை. அதாவது, அனுப்பாமல் இருப்பது. ஒரு பில்லில் எட்டுக் குறை இருந்தால் எட்டையும் ஒரே நாளில் சொல்லிவிடக் கூடாது என்பது எங்களுக்கு மேலே இருந்தவர்கள் கற்றுத்தந்த பாடம். முதலில் கையெழுத்து இல்லை என்று திருப்ப வேண்டும். கையெழுத்தோடு வந்தால் தேதி இல்லை என்று. தேதியோடு வந்தால் இணைப்பு இல்லை என்று. இந்த மிஷின் எங்கள் பிரிவில் சேர்ந்திருந்தால் சூப்பிரண்டாக ஓய்வு பெற்றிருக்கும். பிளக் காய்ந்ததா, காற்று வடிகட்டியில் தூசி என்றது. வடிகட்டியைச் சோப்புப் போட்டு அலசிக் கொடியில் காயப்போட்டோம். அது காய்ந்து வந்தது. சைலன்ஸருக்குள் இருக்கிற சின்ன வலையில் கரி அடைத்தால் புகை வெளியேறாமல் இன்ஜின் மூச்சுவிட முடியாது என்று பையன் தூரத்திலிருந்தபடியே சொன்னான். அதையும் கழற்றிப் பல்துலக்கும் பிரஷ்ஷால் தேய்த்தோம். யாருடைய பிரஷ் என்பதைப் பற்றி வீட்டில் தனி விசாரணை நடந்தது. எல்லாவற்றையும் மாட்டிச் சமர்ப்பித்து மறுபடி இழுத்தேன். மறுபடி திருப்பிவிட்டது. காரணம் மட்டும் சொல்லவில்லை.

“தூக்கிப் பிடிச்சு, கீழ போட்டுக்கிட்டே இழுங்க” என்று ஒரு குரல் வந்தது. சினிமாவில் அப்படித்தான் இழுக்கிறார்கள். புத்தகத்தில் அந்தப் படத்தின் மேல் பெரிய பெருக்கல் குறி போட்டிருந்தது. என் மனைவி அந்தக் குரல் வந்த திசையைப் பார்த்தாள். அவர் அதன் பிறகு பேசவில்லை.

இதற்குள் பக்கத்து வீட்டுக்காரர் கடிகாரத்தைப் பார்ப்பதை நிறுத்தியிருந்தார். எப்போது போன் போட்டாரோ, கோடாலியோடு ஓர் அண்ணன் சைக்கிளில் வந்து இறங்கினார். கைலியை மடித்துக் கட்டினார். தென்னை வெளிப்பக்கம் கெட்டி, நடுவே மெத்து. எங்கே போட்டால் இறங்கும் என்பது அவர் கைக்குத் தெரிந்திருந்தது. மிஷினைச் சுற்றி நின்ற கூட்டம் அப்படியே மரத்தைச் சுற்றிக் கூடியது. சேத்தக்காரர் கோடாலியை எப்படிப் பிடிக்க வேண்டும் என்று சொல்ல ஆரம்பித்தார்.

தண்டு பிளந்ததும் உள்ளேயிருந்து புழுக்கள் உதிர்ந்தன. வெள்ளையாக, காலே இல்லாமல், தலை மட்டும் பழுப்பாக. எனக்கு ஒரு சங்கதி ஞாபகம் வந்தது. மிஷினின் கயிறு கைவிட்டாலும் சரித்திரம் நம்மைக் கைவிடாது. 1926இலேயே ஜெர்மனியில் ஆண்ட்ரியாஸ் ஸ்டீல் என்பவர் கரண்டில் ஓடும் சங்கிலி வாளைச் செய்துவிட்டார். மூன்று வருஷத்தில் பெட்ரோலில் ஓடுவதும் வந்தது. இரண்டு பேர் பிடித்தால்தான் அதைத் தூக்க முடியும். எங்கள் தெருவுக்குத் தோதான மிஷின். ஆனால் சங்கிலியின் பல் சரியில்லை. சீக்கிரம் மழுங்கிவிடும், ராவிக்கொண்டே இருக்க வேண்டும். 1946இல் அமெரிக்காவின் ஓரிகன் காட்டில் ஜோசப் காக்ஸ் என்ற மரம் வெட்டுபவர், ஒரு மரக்கட்டையில் புழு ஒன்று வைரம் பாய்ந்த மரத்தை வழி விட்டுக்கொண்டு தின்பதைப் பார்த்தார். அதன் தாடை இடமும் வலமுமாக மாற்றி மாற்றிக் கடித்தது. அப்படியே வளைந்த பல்லை இடம் வலமாக வைத்துச் சங்கிலி செய்து, 1947இல் வியாபாரம் தொடங்கினார். இன்றைக்கு உலகம் முழுக்க ஓடுகிற சங்கிலிகளில் பெரும்பாலும் அந்தப் பல் வம்சம்தான்.

இதைக் கூட்டத்துக்குச் சொன்னேன். என் மரத்தைத் தின்றதும் புழு, அதை அறுக்க வந்த பல்லைக் கற்றுக்கொடுத்ததும் ஒரு புழு என்று கொஞ்சம் குரலை ஏற்றி முடித்தேன். கோடாலி அண்ணன் வியர்வையைத் துடைத்துக்கொண்டார்.

“அந்தப் புழுவுக்குக் கயிறு இழுக்க வேண்டியதில்ல பாருங்க சார்” என்றார்.

கார் வளைகாப்புக்குக் கிளம்பிவிட்டது. கண்ணாடியை இறக்கி, “மிஷினைச் சரி பண்ணிடுங்க சார்” என்று ஆறுதல் சொல்லிவிட்டுப் போனார் பக்கத்து வீட்டுக்காரர். 

மறுநாள் மிஷினை ஒரு சாக்கில் சுற்றிக்கொண்டு பட்டுக்கோட்டை போனேன். சேத்தக்காரர் துணைக்கு வந்தார்; வேண்டாம் என்று சொன்னதை அவர் மரியாதை என்று எடுத்துக்கொண்டார். பவர் ஸ்ப்ரேயர், புல்வெட்டி, ஜெனரேட்டர் எல்லாம் பிரித்துப் போட்டிருந்த ஒரு கடை. மெக்கானிக் தம்பி எங்கள் விவரத்தை முழுக்கக் கேட்கவில்லை. கயிற்றின் பிடியை மட்டும் கையில் பிடித்து மிஷினைத் தொங்கவிட்டான். அது தடதடவென்று கீழே வராமல் மெதுவாக, இஷ்டமில்லாமல் இறங்கியது. “பிஸ்டன் நல்லா இருக்கு” என்றான். நான்கில் ஒன்று முடிந்தது. பிளக் தொப்பியைத் தட்டிப் பார்த்தான். “கரண்ட் இருக்கா?” என்று கேட்டான். இருக்கிறது, எங்கள் தெருப் பையன் சாட்சி என்றேன்.

அப்புறம் பெட்ரோல் டாங்க் மூடியைத் திறந்து முகர்ந்தான். முகம் சுருங்கியது. உள்ளே இருந்ததைக் கண்ணாடி பாட்டிலில் ஊற்றி வெயிலில் பிடித்தான். மேலே ஒரு நிறம், அடியில் வேறு நிறம். 

“எந்த வருசத்துப் பெட்ரோல் சார் இது?”

போன வருஷம் ஒரு பூவரசுக் கிளை கழித்தபோது ஊற்றியது. பாதிக்கு மேல் மிச்சமிருந்தது. கொட்ட மனசு வரவில்லை. பெட்ரோல் விற்கிற விலையில் யாருக்கு வரும்? ஆனால் இப்போது பெட்ரோலில் 20 சதவீதம் எத்தனால் கலக்கிறார்கள். எத்தனால் காற்றிலிருக்கும் ஈரத்தை இழுத்துக்கொள்ளும். டெல்டாவில் ஈரத்துக்குக் குறைவா? நாள்பட நாள்பட நீரும் எத்தனாலும் சேர்ந்து பிரிந்து அடியில் இறங்கிவிடும். டாங்கில் இருக்கிற உறிஞ்சுகுழாய் கிடப்பதும் அடியில்தான். ஆக, ஒரு தெருவே கூடி நின்று தண்ணீருக்கு நெருப்பு வைக்கப் பார்த்திருக்கிறோம்.

கொக்கிக் கம்பியை விட்டு டாங்குக்குள்ளிருந்து பெட்ரோல் வடிகட்டியை மீன் பிடிப்பதுபோல வெளியே எடுத்தான். கார்புரேட்டரைத் திறந்து சவ்வைக் காட்டினான். துடிக்க வேண்டியது விறைத்துப்போய்ச் சுருங்கியிருந்தது. புதுச் சவ்வு போட்டான். பெட்ரோலும் 2டி ஆயிலும் எந்தக் கணக்கில் கலக்கிறீர்கள் என்று கேட்டான். லிட்டருக்கு 40 மில்லி, இருமல் மருந்து மூடியில் நாலு மூடி என்றேன். மூடியை எப்படி அளவு பார்த்துக் குறியிட்டேன் என்பதையும் சொன்னேன். கணக்கு சரிதான் என்றான். அந்த இரண்டு நாளில் நான் கேட்ட ஒரே பாராட்டு அது. பங்கிலேயே ஆயில் கலந்து அடித்துக் கொடுத்த காலத்தில் இந்த மூடி வித்தையெல்லாம் வேண்டியிருக்கவில்லை என்று சேத்தக்காரர் பெருமூச்சு விட்டார்.

புது பெட்ரோல் ஊற்றுவதற்காக மெக்கானிக் மிஷினை ஒரு பக்கமாகப் படுக்கப் போட்டான். மூடி பக்கவாட்டில் இருப்பதால் அப்படித்தான் ஊற்ற முடியும். ஊற்றி, மூடி, நிமிர்த்தி, குமிழை அமுக்கினான். இழுத்தான். ‘டுப்.’ கடைத்தெரு இரைச்சலிலும் எனக்குக் கேட்டது. சோக்கைத் தள்ளிவிட்டு மறுபடி இழுத்தான். மிஷின் உறுமியது. நான் ஓர் அடி பின்வாங்கினேன்.

“நான் என்ன சொன்னேன்?” என்றார் சேத்தக்காரர். “படுக்கப் போட்டு எடுத்தான் பாத்தீங்கல்ல?”

பஸ்ஸில் வருகிற வழி முழுக்க அவர் அதையேதான் சொன்னார். இறங்கியதும் தெருவுக்கும் சொன்னார். இன்றைக்கு எங்கள் ஊரில் மரம் அறுக்கும் மிஷின் ஓடாவிட்டால் என்ன செய்ய வேண்டும் என்று யாரைக் கேட்டாலும் அந்தப் பதில்தான் கிடைக்கும்.

மெக்கானிக் எனக்குச் சொல்லி அனுப்பியது வேறு. வேலை முடிந்தால் டாங்கைக் காலி செய்துவிட்டு, கார்புரேட்டரில் மிச்சமிருப்பது தீர்ந்து தானாக நிற்கும்வரை ஓடவிட வேண்டும். வேலையே இல்லாவிட்டாலும் மாதம் ஒருமுறை கொஞ்சம் புது பெட்ரோல் ஊற்றி ஓட்டி நிறுத்த வேண்டும்; அப்போதுதான் சவ்வு விறைக்காது. மாதம் ஒருமுறை என்பது மறந்துபோகும் என்பதால் அமாவாசை என்று வைத்துக்கொண்டேன். காலையில் குளித்து, பேன்ட் போட்டு, பெல்ட் கட்டி, கொல்லையில் மிஷினை வைத்து இழுக்கிறேன். அறுக்க ஒன்றும் இல்லை. பெட்ரோல் தீரும்வரை சும்மா ஓடிவிட்டு நிற்கும். மனைவி அந்த நேரத்தில் கோயிலுக்குப் போய்விடுகிறாள்.

தெருவுக்கு இது பழகிவிட்டது. பக்கத்து வீட்டம்மா இப்போதெல்லாம் காலண்டர் பார்ப்பதில்லையாம். சத்தம் கேட்டால் காக்காய்க்குச் சோறு எடுத்துவைத்துவிடுகிறார்களாம். போன மாதம் எனக்குக் காய்ச்சலாக இருந்து ஒருநாள் தள்ளி ஓட்டிவிட்டேன். மதிலுக்கு அந்தப் பக்கத்திலிருந்து சண்டைக்கு வந்துவிட்டார்கள்.